மைதானத்துக்குப் போகும் மகனும் ஊர்ப் பெயர் தாங்கிய கழகமும்



அஸர் தொழுதுவிட்டுத் தேநீர் ஊற்றி வைக்கிறீர்கள். மகனைக் கூப்பிட்டால் பதில் இல்லை. வாசலில் செருப்பையும் காணோம். "நானா கிரவுண்டுக்குப் போய்விட்டார் உம்மா" என்கிறாள் இளையவள். மக்ரிப் பாங்கு சொல்லும் நேரத்தில் முழங்காலில் மண்ணும் சட்டையில் புல்லுமாக வந்து நிற்கிறான். குளிக்கச் சொல்கிறோம், தொழச் சொல்கிறோம், ஊத்தைச் சட்டைக்காக இரண்டு ஏச்சும் ஏசுகிறோம். அந்த இரண்டு மணி நேரத்தை அவன் யாரோடு கழித்தான், அங்கே யார் அவனுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்கள் என்று நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்?

பள்ளிக்கூடத்தைப் பற்றி ஆயிரம் விசாரிக்கிறோம். மத்ரஸாவைப் பற்றி விசாரிக்கிறோம். பிள்ளை வளரும் மூன்றாவது இடமான விளையாட்டுக் கழகத்தை மட்டும் ஆண்களின் காரியம் என்று விட்டுவிடுகிறோம். இந்த மாதம் அதன் வாசல்வரை போய்ப் பார்ப்போம், வாருங்கள்.

சண்டிலிப்பாயில் ஒரு மாலை

யாழ்ப்பாணத்திலிருந்து மானிப்பாய் வழியாகக் காரைநகர் போகும் வீதியில் இருக்கிறது சண்டிலிப்பாய். கல்வளைப் பிள்ளையார் கோயிலால் பெயர் பெற்ற ஊர். நம்மவர்கள் திரளாக வாழ்ந்த இடம் அதுவல்ல. யாழ்ப்பாணத்தில் நம் வீடுகளும் பள்ளிவாசல்களும் பட்டணத்துச் சோனகத் தெருப் பக்கமே இருந்தன. ஆனாலும் வலிகாமத்து ஊர்களின் மாலை நேரம் எப்படி இருக்கும் என்பதற்குச் சண்டிலிப்பாய் நல்ல உதாரணம்.

வெயில் தணிந்ததும் சனசமூக நிலையத்து வாங்கில் பெரியவர்கள் பத்திரிகை விரிப்பார்கள். பக்கத்து வளவில் கரப்பந்தாட்ட வலை கட்டப்படும். இன்னொரு பக்கம் உதைபந்து உருளும். அந்தந்த ஊர்க் கழகங்கள் தங்களுக்கு என்ன பெயர் சூட்டிக்கொண்டாலும் அதற்கு முன்னால் ஊரின் பெயர் நிற்கும். தோற்றால் ஊர் தோற்றது, வென்றால் ஊர் வென்றது.

அந்த மைதானங்கள் வெறிச்சோடிய நாள்களும் உண்டு. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாண முஸ்லிம்கள் ஒஸ்மானியாக் கல்லூரியின் ஜின்னா மைதானத்தில் வந்து கூடும்படி ஒலிபெருக்கியில் அழைக்கப்பட்டார்கள். நம் பிள்ளைகள் பந்து விளையாடிய அந்த மைதானத்தில் வைத்துத்தான், இரண்டு மணி நேரத்தில் ஊரைவிட்டு வெளியேற வேண்டும் என்று விடுதலைப் புலிகள் அறிவித்தார்கள். வடக்கின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் எழுபதாயிரத்துக்கும் அதிகமான முஸ்லிம்கள் அந்த மாதத்தில் வெளியேற்றப்பட்டார்கள். புத்தளத்துக் கொட்டில்களில் பிள்ளை பெற்ற சகோதரிகள் இதைப் படித்துக்கொண்டிருக்கலாம்.

சரியாக ஐந்து ஆண்டுகளுக்குப் பிறகு, அதே ஒக்டோபர் 30ஆம் திகதி, 1995இல், யுத்தம் நெருங்கிவர, புலிகளின் அறிவிப்போடு வலிகாமத்துத் தமிழ் மக்கள் இலட்சக் கணக்கில் மழையில் நனைந்தபடி தென்மராட்சி நோக்கி நடந்தார்கள். சண்டிலிப்பாயும் அந்த வலிகாமத்துக்குள்தான் இருக்கிறது. ஜின்னா மைதானம் வெறிச்சோடிய அதே திகதியில் அந்த ஊர்களின் மைதானங்களும் வெறிச்சோடின. யாருடைய துன்பம் பெரிது என்று நிறுத்துப் பார்க்க நான் இதை எழுதவில்லை. மைதானத்தை இழந்த பிள்ளையின் முகம் இரு வீட்டிலும் ஒன்றுதான்.

வெள்ளவத்தைக்குப் பக்கத்தில்

வடக்கிலிருந்து இடம்பெயர்ந்த குடும்பங்களில் பல காலப்போக்கில் கொழும்புக்கு வந்தன. வெள்ளவத்தை ஒழுங்கைகளில் யாழ்ப்பாணத்துத் தமிழ்க் குடும்பமும் முஸ்லிம் குடும்பமும் ஒரே மாடிப்படியில் ஏறி இறங்குகின்றன. அந்த வெள்ளவத்தையை ஒட்டி ஹெவலொக் டவுன் என்றொரு பகுதி. 1890களில் இலங்கையின் ஆளுநராக இருந்த சேர் ஆர்தர் ஹெவலொக்கின் பெயர் அது. அங்கே ஹெவலொக் பூங்காவில் 1915இல் தோன்றிய ஹெவலொக் விளையாட்டுக் கழகம் இருக்கிறது. 'ஹேவிஸ்' என்று செல்லமாகச் சொல்வார்கள். அதன் புகழ் றக்பியால் வந்தது. நம் வீடுகளில் 'றகர்' என்று சொல்கிறோமே, அதே விளையாட்டுத்தான்.

தொலைக்காட்சியில் பார்த்துவிட்டு, "இது என்ன விளையாட்டா, சண்டையா?" என்று கேட்காத உம்மா இருக்க மாட்டார். கிளித்தட்டு ஆடியவர்களுக்கு இதை விளங்கிக்கொள்வது சுலபம். கோட்டில் காவல் நிற்பவரிடம் அடிபடாமல் பெட்டி பெட்டியாகக் கடந்து கடைசிக் கோட்டைத் தாண்டுவது கிளித்தட்டு. றக்பியிலும் கடைசிக் கோட்டைத் தாண்டுவதுதான் நோக்கம். கையில் முட்டை வடிவப் பந்து ஒன்று இருக்கும், அவ்வளவே. ஒரு பக்கத்துக்கு 15 பேர். பாதிக்கு 40 நிமிடம். எதிரணியின் கோட்டுக்கு அப்பால் பந்தைத் தரையில் வைத்தால் 5 புள்ளி. அதன்பின் கம்பங்களுக்கு இடையே பந்தை உதைத்து அனுப்பினால் இன்னும் 2.

இதில் ஒரு விசேஷம் உண்டு. கையால் பந்தை முன்னால் எறியக்கூடாது. பக்கத்திலோ பின்னாலோ வருபவனுக்குத்தான் கொடுக்கலாம். அதனால் முன்னால் ஓடுகிறவன் பின்னால் தோழன் வருகிறான் என்ற நம்பிக்கையில்தான் ஓட வேண்டும். பந்து வைத்திருப்பவனை மட்டுமே பிடித்து வீழ்த்தலாம். தோளுக்கு மேலே கை போடக்கூடாது. பார்ப்பதற்குச் சண்டை போலிருந்தாலும் உள்ளே கடுமையான ஒழுங்கு இருக்கிறது.

கடலைக் கடந்து வந்த கதை

இங்கிலாந்தில் றக்பி என்ற ஊரின் பாடசாலையில் பிறந்ததால் அதற்கு அந்தப் பெயர். 1823இல் ஒரு மாணவன் உதைபந்தைக் கையில் எடுத்துக்கொண்டு ஓடினான் என்பது கர்ணபரம்பரைக் கதை. அந்தப் பாடசாலையில் விதிகள் எழுதப்பட்டது 1845இல். இங்கிலாந்தின் றக்பிச் சங்கம் உருவானது 1871இல்.

அடுத்த இரண்டே ஆண்டில், 1873இல், கல்கத்தாவில் ஒரு றக்பிக் கழகம் எழுந்துவிட்டது. அதன் முடிவு நமக்கு ஒரு பாடம். அந்தக் கழகத்தில் உறுப்பினர்களுக்கு மது இலவசமாக ஊற்றப்பட்டது. அது நிறுத்தப்பட்டதும் வருகிறவர் தொகை குறைந்தது. ஆட வந்த படைவீரர்களும் இடம் மாறிப் போனார்கள். 1878இல் கழகம் மூடப்பட்டது. வங்கியில் எஞ்சியிருந்த வெள்ளி ரூபாய்களை எடுத்து உருக்கி, நாகபாம்புக் கைப்பிடிகளும் யானை மூடியும் கொண்ட ஒரு கிண்ணம் செய்து இங்கிலாந்துக்கு அனுப்பினார்கள். இங்கிலாந்தும் ஸ்கொட்லாந்தும் 1879 முதல் போட்டியிட்டு வருவது அந்தக் கல்கத்தாக் கிண்ணத்துக்காகத்தான். கிண்ணம் அழகானது. ஆனால் மதுக் கோப்பைக்காகக் கூடியவர்கள் கோப்பை போனதும் கலைந்து போனார்களே, அதை மறக்கக்கூடாது.

இலங்கையில் கொழும்பு உதைபந்தாட்டக் கழகம் 1879இல் உருவாகி இந்த விளையாட்டைத் தொடங்கியது. ஆடியவர்கள் வெள்ளைக்காரர்கள். தேயிலைத் தோட்டத் துரைமார் மலையிலிருந்து இறங்கி வந்து ஆடினார்கள். 1908இல் தேசிய றக்பிச் சங்கம் அமைந்தது. 1926இல் ஆளுநர் கிளிஃபர்ட்டின் மனைவி ஒரு கிண்ணத்தைக் கொடுத்தார். கிளிஃபர்ட் கிண்ணம் என்று நாம் கேள்விப்படுவது அதுதான்.

றக்பி யாழ்ப்பாணத்தில் வேர்பிடிக்காமல் போனது ஏன்? அங்கே ஆங்கிலேயர் பாடசாலைகள் இருந்தன. சென் ஜோன்ஸ் கல்லூரியும் மத்திய கல்லூரியும் 1904 முதல் மோதும் கிரிக்கெட்டை 'வடக்கின் போர்' என்று இன்றும் கொண்டாடுகிறார்கள். ஆனால் றக்பியைச் சுமந்து திரிந்தவர்கள் தோட்டத் துரைமார். யாழ்ப்பாணத்தில் தேயிலையும் இல்லை, துரைமார் கூட்டமும் இல்லை. கொஞ்சம் தோண்டினால் சுண்ணக்கல் தட்டுகிற அந்த மண்ணில், விழுந்து புரள்வதற்கு மலைநாட்டுப் புல்தரையும் இல்லை. அதனால் றக்பி கொழும்பிலும் கண்டியிலும் தங்கிவிட்டது.

கண்டியில் கிங்ஸ்வூட் கல்லூரியை நிறுவிய எல். ஈ. பிளேஸ் அதைப் பாடசாலைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தார். 1906இல் கிங்ஸ்வூட்டும் திரித்துவக் கல்லூரியும் மோதியதே இலங்கையின் முதலாவது பாடசாலை றக்பிப் போட்டி. துரைமாரின் விளையாட்டு நம் நாட்டுப் பிள்ளைகளின் கைக்கு வந்த வழி இது.

பெயரில் என்ன இருக்கிறது?

பிள்ளைகள் படித்து முடித்து வெளியே வந்தார்கள். எங்கே போய் ஆடுவது? வெள்ளைக்காரர்களின் கழகக் கதவு அவர்களுக்கு மூடியிருந்தது. மூடிய கதவைத் தட்டிக்கொண்டு நிற்காமல் தங்களுக்கென்று கழகம் அமைத்தார்கள்.

அக்காலத்துக் கிரிக்கெட் கழகங்களின் பெயர்களைப் பாருங்கள். மலாய் கிரிக்கெட் கழகம் 1872இல். பறங்கியர் கழகம் 1896இல். சிங்கள விளையாட்டுக் கழகமும் தமிழ் யூனியனும் 1899இல். நம்மவருக்கு மூர்ஸ் விளையாட்டுக் கழகம். ஒவ்வொரு சமூகமும் தனக்கென்று ஒரு வீடு கட்டிக்கொண்டது. அதைக் குறை சொல்ல முடியாது. கதவு திறக்காத காலத்தில் சொந்தக் கூரை வேண்டும் அல்லவா?

றக்பிக் கழகங்களின் பெயர்கள் வேறு மாதிரி இருந்தன. 1922இல் உருவான கழகம், நாட்டின் பெயரைச் சூடி 'சிலோனீஸ்' றக்பிக் கழகம் என்று நின்றது. ஹெவலொக் கழகம் ஒரு குடியிருப்பின் பெயரைச் சூடியது. கண்டிக் கழகம் நகரத்தின் பெயரைச் சூடியது. சண்டிலிப்பாய்ப் பக்கத்துக் கழகங்கள் ஊர்ப் பெயரை முன்னால் வைப்பது போலத்தான் இதுவும். இனத்தின் பெயர் வைத்த வீட்டில் அந்த இனத்துப் பிள்ளைக்கு முதலிடம். ஊரின் பெயர் வைத்த வீட்டில் அந்த ஊரில் குடியிருக்கும் எல்லாப் பிள்ளைக்கும் உரிமை உண்டு. அந்தப் பெயருக்கு உண்மையாக நடந்தால் அது நல்ல கழகம்.

அந்த வாசல் வழியாக நம் பிள்ளைகளும் போனார்கள். கிங்ஸ்வூட்டில் படித்த ஃபாஸில் மரிஜா கண்டிக் கழகத்துக்காக ஆடி, இலங்கை அணியின் தலைவராகவும் விளங்கினார். ஸாஹிராக் கல்லூரியிலும், ஹெவலொக் டவுனில் உள்ள இசிபத்தான கல்லூரியிலும் முஸ்லிம் மாணவர்கள் றக்பி ஆடி வருகிறார்கள்.

ஓர் உம்மாவின் கண்ணீர்

ஹெவலொக் கழகத்தின் கதையைச் சொல்லும்போது வஸீம் தாஜுதீனைச் சொல்லாமல் இருக்க முடியாது. கல்கிஸ்ஸை சென் தோமஸ் கல்லூரியில் படித்து, ஹெவலொக் கழகத்துக்காகவும் இலங்கைக்காகவும் ஆடியவர். 2012 மே 17ஆம் திகதி நாரஹேன்பிட்டியில் எரிந்த காருக்குள் அவருடைய உடல் கிடந்தது. விபத்து என்று சொன்னார்கள். தெஹிவளை மையவாடியில் அடக்கினார்கள்.

மூன்று ஆண்டுகள் கழித்து, 2015 ஓகஸ்டில், நீதிமன்ற உத்தரவின்பேரில் அந்தக் கபுறு தோண்டப்பட்டு மறுபரிசோதனை நடந்தது. 2016 பெப்ரவரியில் கொழும்பு நீதவான் நீதிமன்றம் அது விபத்து அல்ல, கொலை என்று முடிவு செய்தது.

சகோதரிகளே, அடக்கிய பிள்ளையின் கபுறை மீண்டும் தோண்டுவதைத் தாங்க வேண்டிய ஒரு தாயை நினைத்துப் பாருங்கள். அந்த வீட்டாரின் துயரத்தைச் சொல்ல நமக்கு வார்த்தை இல்லை. ஒன்றை மட்டும் சொல்லலாம். அந்த ஆண்டுகளில் அவருக்காக நியாயம் கேட்டவர்கள் நம் சமூகத்தவர் மட்டுமல்ல. சிங்களவரும் தமிழரும் கேட்டார்கள். ஹெவலொக் பூங்காவில் அவருடைய ஓட்டத்துக்குக் கை தட்டியவர்களுக்கு, அவர் எந்த மார்க்கத்தவர் என்பது முதல் கேள்வியாக இருக்கவில்லை. ஒரே மைதானத்தில் வியர்த்தவர்கள் ஒருவருக்கொருவர் சாட்சியாகிறார்கள். ஊர்ப் பெயர் தாங்கிய கழகம் ஒரு பிள்ளைக்குத் தரக்கூடிய பெரிய பாதுகாப்பு அதுதான். 1990இல் நமக்காகக் குரல் கொடுக்க இப்படிப்பட்ட சாட்சிகள் இன்னும் கொஞ்சம் பேர் இருந்திருந்தால் என்று மனம் ஏங்காமல் இல்லை.

தீனை விடாமல் ஆடியவர்கள்

"இந்த விளையாட்டுக்குப் போனால் தொழுகை போய்விடுமே, கூடாத பழக்கம் வந்துவிடுமே" என்ற பயம் நியாயமானது. அதற்கு விடையாக இரண்டு பேரைச் சொல்கிறேன்.

நியூசிலாந்தின் சொனி பில் வில்லியம்ஸ் பிரான்சில் ஆடிக்கொண்டிருந்த காலத்தில் இஸ்லாத்தை ஏற்றார். 2011, 2015 ஆகிய இரண்டு உலகக் கிண்ணங்களை வென்ற அணியிலும் இருந்தார். 2015 இறுதிப் போட்டிக்குப் பிறகு மைதானத்துக்குள் ஓடிவந்த ஒரு சிறுவனைக் காவலர் விழுத்திவிட, அவனைத் தூக்கிப் பெற்றோரிடம் கொண்டுபோய், தன் கழுத்திலிருந்த பதக்கத்தை அவன் கழுத்தில் போட்டார். 2017இல் தன் சட்டைக் கழுத்தில் பொறித்திருந்த வங்கியின் பெயரை ஒட்டுநாடாவால் மறைத்துக்கொண்டு ஆடினார். வட்டியோடு சம்பந்தப்பட்ட விளம்பரத்தைச் சுமக்க மாட்டேன் என்றார். சிலர் சிரித்தார்கள். ஆனால் அந்நாட்டு றக்பிச் சங்கம் அவருடைய மனச்சாட்சிக்கு மதிப்புக் கொடுத்து விலக்களித்தது.

இன்னொருவர் நம்மைப் போல ஒரு பெண். லண்டனைச் சேர்ந்த ஸைனப் அலேமா, பிறந்த சிசுக்களைப் பராமரிக்கும் தாதி, பிள்ளைகளுக்கு உம்மா. ஹிஜாபோடு லண்டன் புறநகரான பார்ன்ஸ் கழகத்தில் ஆடியவர். பெண்களுக்கான றக்பி உலகக் கிண்ணமே 1991இல் தொடங்கிவிட்டது. நம் பெண்பிள்ளைகள் எல்லோரும் போய் றக்பி ஆட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் நம் அன்னை ஆயிஷா நாயகி (ரலி) அவர்கள் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களோடு ஓட்டப் பந்தயம் ஓடியிருக்கிறார்கள். முதல் தடவை வென்றும் இருக்கிறார்கள். உடலைப் பேணுவது பெண்ணுக்கு அந்நியம் என்று யாராவது சொன்னால் அதை நினைவுபடுத்துங்கள்.

கழகத்தில் சேர்க்கும் முன்

மகன் ஆட ஆசைப்பட்டால் மறுக்கும் முன்பு ஒருநாள் நீங்களே மைதானத்துக்குப் போங்கள். வாப்பாவையும் கூட்டிக்கொண்டு போங்கள். இவற்றைக் கேளுங்கள்:

1. மக்ரிப் தொழுகைக்கு இடைவெளி கிடைக்குமா? நோன்பு காலத்தில் பயிற்சி நேரத்தை மாற்றுவார்களா? முன்கூட்டியே மரியாதையாகச் சொன்னால் ஒத்துழைக்கும் பயிற்சியாளர்கள் இருக்கிறார்கள்.

2. சிறுவர்களைப் பெரியவர்களோடு மோத விடுகிறார்களா? வயதுக்கும் உடலுக்கும் ஏற்றபடி பிரித்து, விழும் முறையையும் பிடிக்கும் முறையையும் முதலில் பழக்க வேண்டும். பல் காப்பு அணிய வைக்க வேண்டும்.

3. தலையில் அடிபட்டால் என்ன செய்வார்கள்? இதுதான் மிக முக்கியம். தலைவலி, வாந்தி, மயக்கம், தடுமாற்றம், நடந்தது மறந்துபோதல், இவற்றில் ஒன்று தெரிந்தாலும் பிள்ளையை உடனே மைதானத்தைவிட்டு எடுக்க வேண்டும். அன்றைக்குத் திரும்ப ஆட விடக்கூடாது. வைத்தியரிடம் காட்டி அவர் சொன்ன பிறகே மீண்டும் ஆடலாம். "ஆம்பிளைப் பிள்ளை, தாங்குவான்" என்று யாராவது சொன்னால் அந்தப் பேச்சைக் கேட்காதீர்கள்.

4. வெற்றிக்குப் பிறகு என்ன நடக்கிறது? மதுவோடு கொண்டாடும் இடமா, தேநீரோடு கலையும் இடமா? கல்கத்தாக் கழகத்தின் கதையை மகனுக்குச் சொல்லிவையுங்கள்.

5. வேறு சமூகத்துப் பிள்ளைகளும் அங்கே இருக்கிறார்களா? இருந்தால் சந்தோஷப்படுங்கள். ஒருநாள் அந்தப் பிள்ளைகளை வீட்டுக்கு அழைத்து உங்கள் கையால் சாப்பாடு போடுங்கள்.

2009இல் யுத்தம் முடிந்த பிறகு வலிகாமத்து மைதானங்களில் மீண்டும் பந்து உருள்கிறது. சோனகத் தெருவுக்குத் திரும்பிய குடும்பங்கள் சிலவே என்றாலும், ஜின்னா மைதானத்திலும் பிள்ளைகளின் சத்தம் கேட்கிறது. சண்டிலிப்பாய்ப் பிள்ளையும் சோனகத் தெருப் பிள்ளையும் ஒரே பந்தைத் துரத்தட்டும். அது உதைபந்தாக இருந்தால் என்ன, முட்டைப் பந்தாக இருந்தால் என்ன?

இன்று மாலை உங்கள் மகன் முழங்காலில் மண்ணோடு வரும்போது ஏசுவதற்கு முன்னால் ஒரு கேள்வி கேளுங்கள்: "இன்றைக்கு யாரோடு மகன் விளையாடினீர்கள்?" அவன் சொல்லும் பெயர்களைக் கவனமாகக் கேளுங்கள். அவனுக்கு ஒரு துன்பம் என்றால் முதலில் ஓடிவரப் போகிறவர்கள் அந்தப் பெயர்களுக்கு உரியவர்களாக இருக்கலாம்.

நம் பிள்ளைகளின் உடலுக்கு வலிமையையும் உள்ளத்துக்கு நேர்மையையும் அல்லாஹ் தருவானாக. மைதானத்துக்குப் போகும் எந்தத் தாயின் பிள்ளையும் பத்திரமாக வீடு திரும்பட்டும். ஆமீன்.